அடக்கத்தன்று உன் அம்மா கேட்டது

கோயாவ், கிரனடா
திங்கட்கிழமை

அன்பு மகன் கெர்னுக்கு அப்பா எழுதுவது. நான் இங்கே சுகம், உன் அம்மாவும் சுகமாக இருப்பதாக இன்று காலை ரேடியோவில் கேட்டேன். டொரொன்டோ குளிரில் நீயும் மருமகளும் நல்லபடியாக இருக்க வேண்டும்.

போனில் எனக்கு இரண்டு வார்த்தைக்கு மேல் வராது, அதனால்தான் எழுதுகிறேன். மழை வலுத்துவிட்டது, பின்பக்கக் கூரையில் ஒரு தகரம் ஆடுகிறது. அதை அடிக்க ஏறினால் பக்கத்து வீட்டு எலோயிஸ் கீழே நின்றுகொண்டு, மினிஸ்டர் வீட்டுத் தகரமே ஆடுது, எங்க வீட்டுக்கு எப்ப விடியப்போகுதுன்னு கேட்கிறாள். நானும் சிரித்துவைத்தேன்.

நீ கிளம்பியபோது உன் அம்மா இஸ்மே வெறும் வக்கீல். கடற்கரைக்கு வேலி போட வந்த ஹோட்டல்காரனை மீனவர்களுக்காகக் கோர்ட்டில் மடக்கினாளே, ஃபீஸுக்குப் பதிலாக மீனும் கிழங்குமாக வாசலில் குவிந்ததே, அந்தக் கேஸ்தான் அவளைத் தேர்தலுக்கு இழுத்துப்போனது. ஜெயித்தாள், மந்திரியும் ஆனாள். ஊருக்கு நல்லதுதான் செய்கிறாள், குறை சொல்ல மாட்டேன். ஆனால் காலையில் வாசல் நிறைய ஆட்கள், இருட்டினால் கூட்டம். தொகுதியில் யாராவது செத்தால்தான் அவள் ஓரிடத்தில் உட்காருவாள். அடக்கத்துக்குப் போகாத வீட்டில் ஓட்டுக் கேட்க முடியாதே. அதனால் நானும் போய்ப் பக்கத்தில் உட்கார்ந்துகொள்கிறேன். ரேடியோவில் மரண அறிவிப்பு வாசிக்கும்போது நம் பக்கத்து ஆள் யாராவது உண்டா என்று ஆசையோடு காது கொடுக்கிறேன், கடவுள் மன்னிக்கட்டும்.

சனிக்கிழமை வலைக்கார மத்தூரினுக்கு அடக்கம். எல்லோரும் பாடிக்கொண்டிருந்தபோது உன் அம்மா பாட்டுப் புத்தகத்தால் வாயை மறைத்துக்கொண்டு விஷயத்தைச் சொன்னாள். கட்சித் தலைவர் ஒதுங்குகிறாராம், அவளைத் தலைமை ஏற்கச் சொல்கிறார்களாம், மறுநாளே பதில் வேண்டுமாம். அதற்கு அடுத்த படி பிரதமர் நாற்காலிதான். நீ வேண்டாம்னு சொன்னா நான் போகலை ஆல்வின், என்றாள். வேண்டாம் என்ற சொல் நாக்கு நுனி வரை வந்துவிட்டதடா. ஆனால் முன்வரிசையில் இருந்த மீன்காரப் பெண்கள் திரும்பித் திரும்பி அவளையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். வீட்டில் தனியாகச் சாப்பிடுகிறேன் என்பதற்காக இவர்களிடமிருந்து அவளைப் பிடுங்குவதா என்று இருந்தது. பெரிய மனுஷன் மாதிரி, ஒத்துக்கோ இஸ்மே, என்னைப் பத்திக் கவலைப்படாதே என்று சொல்லிவிட்டேன். அவள் பாட்டுப் புத்தகத்தை மூடினாள். பிறகு, இந்தத் தடவையாவது நீ வேண்டாம்னு சொல்லுவேன்னு நெனச்சேன், எனக்கு வீட்டுக்கு வரணும் போல இருக்கு, என்றாள்.

நான் வாய் திறப்பதற்குள் பாதிரியார் அஞ்சலி பேச அவளைக் கூப்பிட்டுவிட்டார். நன்றாகத்தான் பேசினாள், எல்லோரையும் அழவைத்தாள். பேசி முடித்ததும் அவளை மத்தூரின் குடும்பத்தோடு உட்காரவைத்துவிட்டார்கள். வெளியே வந்தால் ஒரே கூட்டம், அப்படியே கட்சிக்காரர்களோடு காரில் தலைநகருக்குப் போய்விட்டாள். நேற்று முழுக்க போன் செய்தேன். ஒரு பெண் எடுத்து, மேடம் மீட்டிங்ல இருக்காங்க, என்ன சொல்லணும் அங்கிள், என்று கேட்டது. உன் அம்மாவிடம் சொல்ல வேண்டியதை அந்தப் பெண்ணிடம் எப்படிச் சொல்வது. ஒன்றுமில்லை என்று வைத்துவிட்டேன். அவளுக்குப் பிடிக்குமே என்று சீமைப்பலாவும் உப்புக்கறியும் தேங்காய்ப்பாலில் வேகவைத்திருந்தேன். அதை எலோயிஸ் வீட்டுக்குக் கொடுத்தனுப்பினேன். இன்று காலை ரேடியோவில் சொல்லிவிட்டார்கள், உன் அம்மா ஒத்துக்கொண்டாளாம். தெருவில் கொடி பிடித்துக்கொண்டு ஆடுகிறார்கள், எனக்கும் கை குலுக்கினார்கள்.

நீங்கள் இருவரும் ஒரு குறையும் இல்லாமல் வாழ ஆண்டவர் துணையிருக்கட்டும். ஒன்று மட்டும் மறக்காதே. அம்மாவிடம் பேசும்போது வாழ்த்தெல்லாம் சொல்லாதே, அதற்கு ஊர் முழுக்க ஆள் இருக்கிறது. வீட்டுக்கு எப்போது வருவாய் என்று கேள். நான் கேட்க வேண்டியதுதான், ஆனால் போ என்று சொன்னவனே நான்தானே.

உன் அப்பா,
ஆல்வின் தெலெஸ்ஃபோர்ட்