சந்தனம் வைத்த யானை

அக்டோபர் 10, வெள்ளிக்கிழமை. சுகர் லேண்ட், டெக்சாஸ்.

நான் வாடகைக்கு இருக்கும் வீட்டின் அங்கிள் ஏலத்தில் எடுத்த வெள்ளிப் பதக்கம் இன்று வந்தது. இருநூறு வருடங்களுக்கு முன் பர்மாவில் போரிட்ட மதராஸ் சிப்பாய்களுக்குக் கிழக்கிந்தியக் கம்பெனி கொடுத்தது. முன்பக்கத்தில், பிரிட்டிஷ் சிங்கத்தின் முன் மண்டியிட்ட யானை. ஆன்ட்டி யானையை மட்டும் பார்த்து, சந்தனம் குங்குமம் வைத்துப் பூஜையில் சேர்த்துவிட்டார்.

"சாமி இல்லடி, அது தோத்துப்போன பர்மா ராஜாவோட யானை!" என்று கத்திய அங்கிள், டூத்பேஸ்ட் போட்டுத் தேய்க்கப் போனார்.

"மண்டி போட்டா என்னங்க? நம்ம வீட்டுக்கு வந்தாச்சு, எழுந்துக்கட்டும்," என்றார் ஆன்ட்டி.

தேய்த்தால் யானையின் முகமே போய்விடும். அந்த வீட்டில் அதிகம் பேசாத நான், "அங்கிள், பாலிஷ் பண்ணாதீங்க, என்கிட்ட குடுங்க" என்று கையை நீட்டிவிட்டேன்.

வெறும் தண்ணீரில் நனைத்துப் பஞ்சால் ஒற்றினேன். பின்பக்கம் திருப்பினால், புத்தர் கோயிலைத் தாக்க ஏறும் சிப்பாய்கள், ஒவ்வொருவரும் கடுகளவு. கடல் கடந்து போன நம் ஊர்க்காரர்களும் அதில் இருப்பார்கள். இதை மார்பில் குத்திக்கொண்டவன், எந்தக் கடுகில் தன்னைத் தேடியிருப்பான்?

திருப்பிக் கொடுத்தபோது யானையின் நெற்றிப் பள்ளத்தில் ஒட்டிய சந்தனம் மட்டும் போகவில்லை. அங்கிள் டூத்பேஸ்டை மூடி வைத்தார்.

"சரிம்மா, அது இருந்துட்டுப் போகட்டும்."