அயர்லாந்துச் சாவு வீடும் ஜெசிந்தாவின் கட்டுரையும்

என் ஜெசிந்தா கண்ணே,

நீ போய் நான்கு மாதம் ஆகிறது. நம் கல்லூரி ஆங்கிலத் துறையில் உன் நாற்காலியில் இப்போது வேறொருவர் உட்காருகிறார். நல்ல மனிதர்தான், இருந்தாலும் அவரைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குக் காரணமில்லாமல் கோபம் வருகிறது. கோட்டை பார்க்க வெளியூர் வண்டிகள் நிறைய வருகின்றன. நீ இருந்தால், "இன்னாக்கா, செஞ்சி பஸ் ஸ்டாண்டுல நிக்கக்கூட எடமில்ல" என்று சலித்துக்கொண்டே வகுப்புக்கு ஓடியிருப்பாய்.

உன் கட்டுரையைப் பற்றித்தான் எழுதுகிறேன். அடுத்த மாதம் சென்னையில் ஒரு கருத்தரங்கு. நவீன அயர்லாந்து இலக்கியத்தை உலகத்தில் யார் யார் எப்படிப் படிக்கிறார்கள் என்று பேசப்போகிறார்கள், டப்ளினிலிருந்தும் பேராசிரியர்கள் வருகிறார்கள். நீ அனுப்பிய கட்டுரையை ஏற்றுக்கொண்டதாக மின்னஞ்சல் வந்தது. நீ போன பத்தாம் நாள் வந்தது. உன் அம்மா உன் போனை என்னிடம் நீட்டி, "இதுல இன்னா போட்டுருக்குது, படிச்சி சொல்லும்மா" என்றார். எப்படிச் சொல்லி முடித்தேன் என்று எனக்கே தெரியவில்லை.

உன் கட்டுரை பேசும் அந்த ஒரு சிறுகதைக்காக நாம் இரண்டு வருஷம் சண்டை போட்டோம். அயர்லாந்தின் மேற்குக் கடற்கரையில் ஒரு கிழட்டு மீனவன் செத்துக் கிடக்கிறான். அக்கம்பக்கத்தார் பிணத்தைச் சுற்றி உட்கார்ந்து சீட்டாடுகிறார்கள். செத்தவனுக்கும் ஒரு கைச் சீட்டுப் போடுகிறார்கள், அவன் கஞ்சத்தனத்தைச் சொல்லிச் சொல்லிச் சிரிக்கிறார்கள். மனிதர்களுக்கு மரியாதை செத்துப்போன காலத்தை எழுத்தாளர் காட்டுகிறார் என்று நான் ஆய்விதழில் எழுதினேன். மேல்சித்தாமூரில் எங்கள் சமண வீடுகளில் சாவு என்றால் குரல் உயராது. பெரியவர்கள் அழுகையைக்கூட அடக்கச் சொல்வார்கள். நான் வேறு எப்படிப் படித்திருப்பேன்?

நீ விழுந்து விழுந்து சிரித்தாய். "அக்கா, நீ எங்க ஊரு சாவுக்கு வந்ததில்ல, அதான்" என்றாய். வந்தேன். முதல் தடவையே உன் சாவுக்கா நான் வர வேண்டும்?

மூன்று நாள் காய்ச்சல், அவ்வளவுதான். அனந்தபுரம் பக்கத்தில் உன் வீட்டு வாசலில் பந்தல் போட்டு, உன்னை ஐஸ் பெட்டியில் வைத்திருந்தார்கள். துபாயிலிருந்து உன் அண்ணன் வர வேண்டும் என்று எல்லோரும் காத்திருந்தோம். நல்ல உச்சி வெயில். திடீரென்று உன் தாய்மாமன் லூர்து எழுந்து, நீ ஆடுகளை இங்கிலீஷில் அதட்டுவதை நடித்துக் காட்டினார். "இது கெட் அவுட்டுங்குது, ஆடு வூட்டுக்குள்ள வருது. ஆட்டுக்கு இன்னா தெரியும், அது தமிழ் மீடியம்" என்றார். பந்தலே சிரித்தது. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. நேரே அவரிடம் போய், "கொஞ்சமாவது மரியாதை வேணாமா மாமா?" என்று கேட்டுவிட்டேன்.

அவர் கோபித்துக்கொள்ளவில்லை. உன் அம்மா இருந்த பக்கம் கையைக் காட்டினார். உன் அம்மா சிரிப்பும் அழுகையுமாக, யாரோ நீட்டிய டீயை வாங்கிக் குடித்துக்கொண்டிருந்தார்.

"காலையிலேர்ந்து பல்லக் கடிச்சிக்கினு உக்காந்துருக்குது" என்றார் மாமா. "சிரிக்க வச்சாதான் வாயத் தொறக்கும். வாயத் தொறந்தாதான் ஒரு வாய் டீ எறங்கும்."

மின்னஞ்சல் வந்த அன்றுதான் உன் கட்டுரையை முழுதாகப் படித்தேன். பிறகு அந்தக் கதையை மறுபடியும் எடுத்தேன். கடைசிப் பக்கத்தில், சீட்டாட்டச் சத்தத்துக்கு நடுவே, மீனவனின் மனைவி ஒரு துண்டு ரொட்டியைப் பிட்டு வாயில் போடுகிறாள். எத்தனை முறை படித்திருப்பேன், அந்த வரி என் கண்ணில் படவே இல்லை. உன் கட்டுரை முழுக்க அந்த ரொட்டிதான் இருக்கிறது. உங்கள் ஊர்ச் சாவு வீடுகளை வைத்து, அந்தச் சிரிப்பு எதற்கு என்று சொல்லியிருக்கிறாய். எனக்கு வெட்கமாக இருந்தது. பெருமையாகவும் இருந்தது.

உன் கட்டுரையை உன் பெயரிலேயே நான் வாசிக்கிறேன் என்றதற்கு நம் ஆய்வு நெறியாளர் என்ன சொன்னார் தெரியுமா? "இறந்தவங்க பேர்ல கட்டுரை வாசிக்க விடமாட்டாங்க சுனந்தா. உங்க பேர்ல வாசிச்சிடுங்க, கீழ நன்றின்னு ஒரு வரி போட்டாப் போதும். அந்தக் கிராமத்துப் பகுதிய மட்டும் எடுத்துடுங்க, அயர்லாந்துக்காரங்களுக்கு அது எதுக்கு?" நான் விடவில்லை. "அவங்க கதை அனந்தபுரம் வரைக்கும் வந்துடுச்சி சார். இங்க அத எப்படிப் படிச்சாங்கன்னு தெரிஞ்சிக்கத்தானே வர்றாங்க?" என்றேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

கருத்தரங்கு நடத்துபவர்களுக்கு மூன்று முறை எழுதினேன். முதல் இரண்டுக்கும் மழுப்பலாகப் பதில் வந்தது. மூன்றாவதில், வந்தால் ஜெசிந்தா பெயரோடுதான் வரும், ஒரு பத்தியும் குறையாது, இல்லையென்றால் நானும் வரவில்லை என்று எழுதினேன். போன வாரம் சம்மதித்துவிட்டார்கள். நிகழ்ச்சி நிரலில் உன் பெயர் அச்சாகியிருக்கிறது. உன் அம்மாவும் லூர்து மாமாவும் என்னோடு சென்னைக்கு வருகிறார்கள்.

நெறியாளர் நேற்றும் கூப்பிட்டார். "அந்த நாலாம் பக்கத்தையாவது விட்டுடுங்கம்மா, அசிங்கம் உங்களுக்குத்தான்" என்றார். அந்தப் பக்கத்தில் நீ எழுதியிருப்பது எனக்கு மனப்பாடம்: 'சுனந்தா இந்தக் கதையைத் தவறாகப் படித்திருக்கிறார்.' இதை ஏன் என்னிடம் காட்டவே இல்லை? பயந்தாயா, இல்லை, மேடையில் வைத்துச் சொல்லலாம் என்று இருந்தாயா?

உனக்கு வாக்குக் கொடுக்கிறேன். அந்த வரியை என் பெயரோடு, குரலைத் தாழ்த்தாமல் வாசிப்பேன். அந்தச் சுனந்தா யார் என்று யாராவது கேட்டால், நான்தான், அவள் சொன்னதுதான் சரி என்பேன்.

உன்னிடம் தோற்றதைச் சபையில் சொல்லப்போகும்,
உன் அக்கா
சுனந்தா