எந்த வீட்டிலும் இல்லாத கதவு

ஆறாம் தேதி, காலை

அன்புள்ள மழைக்காரிக்கு,

நான் நலம். நீயும் நலமாகத்தான் இருப்பாய் என்று நானாக எடுத்துக்கொள்கிறேன். போன வாரம் வந்த உன் அஞ்சலட்டையில் முந்தின நாள் பன்னிரண்டு மில்லிமீட்டர் மழை, தென்மேற்கிலிருந்து காற்று, பிற்பகலில் மேகம் கலைந்தது என்று எழுதியிருந்தாய். வானம் சௌக்கியமாக இருக்கிறது என்று தெரிந்துகொண்டேன். உன்னைப் பற்றி ஒரு வரி இல்லை. வானிலை நிலையத்தில் வேலை பார்ப்பவளைக் கட்டிக்கொண்டால் கடிதம் இப்படித்தான் வரும் என்று கல்யாணத்துக்கு முன்பே யாராவது எச்சரித்திருக்கலாம்.

நீ மாற்றலாகிப் போய் நாலு மாதமாகிறது. சட்டைக்குப் பொத்தான் தைக்கக் கற்றுக்கொண்டேன். கீழ்வீட்டுத் தையல்காரம்மா அதைப் பார்த்துவிட்டு, இது பொத்தான் இல்லை, பூட்டு என்றார். சமையல் பரவாயில்லை. வீடுதான் பேச மாட்டேன் என்கிறது. எழுதி முடித்த பத்தியை வழக்கம்போல் உரக்கப் படித்துவிட்டு, உன் 'ம்' வரட்டும் என்று நிறுத்துகிறேன். வராது என்று தெரிந்தும் நிறுத்துகிறேன். அதனாலேயே புத்தகம் நத்தை வேகத்தில் நகர்கிறது.

புத்தகம் என்றால் அதே புத்தகம்தான், நிகழ்வியலும் கவிதையும். நீ கேட்டுக் கேட்டுக் காது புளித்துப்போனது. ஒரு பொருளைப் பற்றி நமக்குத் தெரிந்ததையும் பிறர் சொன்னதையும் அடைப்புக்குறிக்குள் போட்டு ஒதுக்கிவிட்டு, அது நம் கண்ணுக்கும் கைக்கும் எப்படித் தோன்றுகிறதோ அப்படியே பார்க்க வேண்டும். நல்ல கவிதை அதைத்தான் செய்கிறது. விமர்சகன் அந்தப் பார்வைக்குத் துணையாகப் போக வேண்டும். மூன்று வரியில் அடங்குகிற இதை முந்நூறு பக்கமாக்கிக்கொண்டிருக்கிறேன். ஒருநாள் நீ, "அந்த அடைப்புக்குறிக்குள்ள என்னையும் போட்டுட்டீங்களா?" என்று கேட்டாயே, அதை முன்னுரையில் சேர்த்துவிட்டேன். படிப்பவர்கள் கொஞ்சம் சிரிக்கட்டும்.

இன்னொரு செய்தி. நம் 'கதவுக் கவிஞன்' நினைவிருக்கிறதா? ஏதோ புனைபெயரில் ஒல்லியாக ஒரு தொகுப்பு போட்டிருந்தானே, அவன்தான். அவனைப் பற்றி நான் எழுதிய மதிப்புரைதான் இந்த ஆண்டில் வந்தவற்றிலேயே சிறந்தது என்று பத்திரிகை ஆசிரியர் கடிதம் எழுதியிருக்கிறார். 'இவர் காட்டும் கதவு எந்த வீட்டிலும் இல்லாத கதவு. இவருடைய மேசையில் யாரும் சாப்பிட்டதில்லை' என்ற வரியை என் மாணவர்கள் நெட்டுருப் போட்டு வைத்திருக்கிறார்கள். கவிஞனிடமிருந்துதான் மூச்சே இல்லை.

கதவு என்றதும் ஞாபகம் வருகிறது. மழை தொடங்கியதிலிருந்து அடுக்களையின் பின்கதவு இறுகிக்கொண்டது. தோளால் இடித்துத்தான் திறக்கிறேன். அடுத்த வாரம் வந்து அடிப்பக்கத்தைச் சீவிவிடுகிறேன் என்று தச்சர் சொல்லியிருக்கிறார். நீ இருந்தபோது அது இப்படி முரண்டு பிடித்ததாக நினைவில்லை.

உன்னை அவ்வளவு தூரத்துக்குத் தூக்கியடித்த அதிகாரி என் கையில் கிடைத்தால் நாலு வார்த்தை கேட்காமல் விடமாட்டேன். உடம்பைப் பார்த்துக்கொள். அடுத்த அட்டையில் உன் காய்ச்சல் தலைவலியையாவது அளந்து எழுது.

இப்படிக்கு,
உன் புரொபசர்


பதினேழாம் தேதி

அன்புள்ள மழைக்காரிக்கு,

இந்தக் கடிதத்தை நாலு முறை தொடங்கிக் கிழித்துவிட்டேன். ஒவ்வொரு முறையும் அது கட்டுரையாகிவிடுகிறது. நடந்ததை நடந்தபடியே சொல்லிப் பார்க்கிறேன்.

செவ்வாய்க்கிழமை காலையில் தையல்காரம்மா மேலே வந்தார். நான் கதவை இடிக்கிற இடியில் அவர் வீட்டுச் சுவரிலிருந்து சுண்ணாம்பு உதிர்ந்து, வெட்டி வைத்த துணியெல்லாம் பாழாகிறது என்றார். மழைக்கு மரம் உப்பிவிட்டது, தச்சர் வரப்போகிறார் என்று சமாதானம் சொன்னேன். அவர் படியிறங்கும்போது திரும்பிப் பார்த்து, "போன மழைக்கும் இதே கதவுதான் சார். அம்மா திறந்தா சத்தமே வராது" என்றார்.

அவர் போனதும் கதவின் முன்னால் போய் நின்றேன். எரிச்சலில் இன்னொரு முறை இடித்தேன். அசையவில்லை. தோள் வலித்தது. கைப்பிடியைப் பிடித்தபடி சும்மா நின்றவன், எதையும் யோசிக்காமல் அதைக் கொஞ்சம் மேலே தூக்கினேன். கதவு ஒரு விரற்கடை உயர்ந்து, சத்தமில்லாமல் திறந்துகொண்டது. ஈரக்காற்று முகத்தில் அடித்தது. அப்போது அந்த வரிகள் வந்தன. குறை சொல்வதற்காகவே நான் மனப்பாடம் செய்து வைத்திருந்த வரிகள்.

மழைநாளில் கதவைத் தள்ளாதே
சற்றே தூக்கு
தன் பாரம் தெரிந்த கைக்கு
அது திறந்துகொள்ளும்

இந்தக் கதவு சமூகத் தடைகளுக்கு ஆகிவந்த ஒரு தேய்ந்த குறியீடு என்று எழுதியவன் நான். உனக்கு நினைவிருக்கும். அலமாரியிலிருந்து அந்தத் தொகுப்பை எடுத்துக்கொண்டு, பக்கத்தைத் திறந்து பிடித்தபடி வீடு முழுக்க நடந்தேன். முப்பது வருஷமாகக் கவிதை படிக்கிறேன். ஒரு புத்தகத்தை இப்படிக் காலால் படித்தது இதுதான் முதல் முறை.

'மேசையின் அந்தப் பக்கம் புத்தகங்கள் சாப்பிடுகின்றன' என்று ஒரு வரி. அறிவுலகத்தின் அடங்காப் பசியைக் கிண்டல் செய்கிறது என்று அதற்கு ஒரு பத்தி எழுதியிருந்தேன். நம் சாப்பாட்டு மேசைக்கு முன்னால் போய் நின்று பார்த்தேன். ஒரு பக்கம் உன் டம்ளர் வைத்து வைத்து விழுந்த வட்டம். எதிர்ப்பக்கம் நான் உட்கார வேண்டிய இடத்தில் என் புத்தகங்கள், இடுப்பு உயரத்துக்கு. தட்டை எழுத்து மேசைக்கே எடுத்துக்கொண்டு போய்ச் சாப்பிட்டவன் நான்தானே.

இன்னொரு கவிதை, 'அடுத்த அறை'. ஒரு இருமல், அதற்குப் பிறகு பக்கம் புரளும் ஓசை, 'ஆள் இருக்கிறார்' என்று முடிகிறது. இது கடவுளின் இருப்பைப் பற்றிய கவிதை என்று ஒன்றரைப் பக்கம் எழுதினேன். கடவுளுக்கு ஏன் இருமல் வருகிறது என்று எனக்கு ஒரு சந்தேகம்கூட வரவில்லை பார். சிரித்துவிட்டேன். அடுக்களையில் தனியாக நின்றுகொண்டு சிரித்தேன், பிறகு அழுதேன். அதையும் சொல்லிவிடுகிறேன்.

கடைசியாக உன் நாற்காலியில் உட்கார்ந்தேன். இத்தனை வருஷத்தில் நான் அதில் உட்கார்ந்ததே இல்லை. அங்கிருந்து பார்த்தால் ஜன்னல் தெரியவில்லை, தெரு தெரியவில்லை. திறந்த அறைக்கதவு வழியாக என் எழுத்து நாற்காலியின் பின்பக்கம் மட்டும் தெரிகிறது. நான் அதில் இருந்தால் என் முதுகுதான் தெரியும். தொகுப்பில் 'முதுகு' என்று மூன்று வரியில் ஒரு கவிதை இருக்கிறது. சின்னது என்று மதிப்புரையில் நான் தொடவே இல்லை.

கூப்பிட்டால் திரும்பும்
என்ற நம்பிக்கை கெடாமலிருக்க
கூப்பிடாமல் இருக்கிறேன்

இதற்கு என்னிடம் விளக்கம் இல்லை. ஒன்று மட்டும் ஞாபகம் வருகிறது. அந்தத் தொகுப்பை என் மேசைமேல் கொண்டுவந்து வைத்தது நீ. தபாலில் வந்தது என்றாய். இரண்டு நாள் கழித்து, காலைச் சாப்பாட்டின்போது, "படிச்சீங்களா? எப்படி இருக்கு?" என்று கேட்டாய். நான் நிமிர்ந்துகூடப் பார்க்காமல், "எழுதத் தெரியுது. வாழத்தான் தெரியல" என்றேன். அப்படியா என்று சொல்லிவிட்டுத் தட்டுகளை எடுத்துக்கொண்டு உள்ளே போனாய். குழாயில் தண்ணீர் வெகுநேரம் ஓடியது. அந்தச் சத்தத்தில் எழுத முடியவில்லை என்று கதவைச் சாத்திக்கொண்டேன்.

வியாழக்கிழமை பல் மருத்துவரிடம் போனபோது உன் பழைய அதிகாரி அங்கே உட்கார்ந்திருந்தார். வீக்கமான கன்னத்தோடு இருந்த மனிதரைப் பிடித்து, என் மனைவியை இப்படித் தூரத்துக்கு அனுப்பிவிட்டீர்களே என்று கேட்டேன். அவர் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார். "நாங்க எங்க சார் அனுப்பினோம்? மேடமே எழுதிக் கேட்டு வாங்கிட்டுப் போனாங்க" என்றார். எப்போது என்று கேட்டேன். சொன்னார். மதிப்புரை அச்சாகி வந்த அடுத்த வாரம்.

உன் இடம் இங்கே இன்னும் காலியாகத்தான் இருக்கிறதாம். முப்பதாம் தேதிக்குள் நீ வருகிறேன் என்று எழுதிக் கொடுத்தால் உனக்கே கிடைக்கும். இல்லையென்றால் வேறு ஆளைப் போட்டுவிடுவார்கள்; மூன்று வருஷத்துக்கு அந்தப் பேச்சையே எடுக்க முடியாது. ஒரு வார்த்தை நீங்கள் சொன்னால் மேடம் கேட்பார்கள் என்று அவர் சொன்னார். என் வார்த்தை ஒன்றினால்தான் நீ போனாய் என்று அவருக்கு எப்படித் தெரியும்?

அந்தக் கவிஞர் யார் என்று உன்னிடம் கேட்க மாட்டேன். சொல்ல வேண்டும் என்று உனக்குத் தோன்றியிருந்தால் சொந்தப் பெயரிலேயே போட்டிருப்பாய். மனைவி எழுதியது என்று தெரியாமல் நான் எப்படிப் படிக்கிறேன் என்று பார்க்க நினைத்தாயோ என்னவோ. பார்த்துவிட்டாய். தச்சர் வந்தார், திருப்பி அனுப்பிவிட்டேன்.

என்னை மன்னித்துவிடு என்று எழுதினால் அதற்கும் நீதான் பதில் சொல்லியாக வேண்டும். அந்தச் சுமையையும் உன் தலையில் வைக்க மனம் வரவில்லை. ஆனாலும் மன்னித்துவிடு.

இப்படிக்கு,
கதவை இடித்தவன்


இருபத்தாறாம் தேதி

அன்புள்ள மழைக்காரிக்கு,

உன் அட்டை நேற்று வந்தது. 'மூன்று நாளாக மழை இல்லை. காற்று மெதுவாக வீசுகிறது. பின்கதவைச் சீவ வேண்டாம்.' அவ்வளவுதான் இருந்தது. அஞ்சல் முத்திரையில் தேதி கலங்கிப்போயிருக்கிறது. என் முதல் கடிதத்துக்குப் பதிலா, இரண்டாவதுக்கா என்று தெரியவில்லை. முதலாவதுக்கு என்றால் வீட்டுக்காரி சொல்கிற யோசனை. இரண்டாவதுக்கு என்றால், என்று தொடங்கி மூன்று பக்கம் எழுதும் ஆள் நான் என்பது உனக்குத் தெரியும். எழுதவில்லை. அட்டையை மேசைமேல் உன் டம்ளர் வட்டத்துக்குப் பக்கத்தில் வைத்திருக்கிறேன். போகும்போதும் வரும்போதும் படிக்கிறேன். சீவ வேண்டாம் என்றால் சீவ வேண்டாம்.

என் மதிப்புரைக்கு நானே மறுப்புக் கட்டுரை ஒன்று பன்னிரண்டு பக்கம் எழுதினேன். படித்துப் பார்த்தால் அதில் நானேதான் நிறைந்திருந்தேன். எவ்வளவு அழகாக வருந்துகிறேன் பாருங்கள் என்கிற தோரணை. கிழித்துப் போட்டேன். பத்திரிகை ஆசிரியருக்கு இரண்டே வரி அனுப்பியிருக்கிறேன்: 'நான் இல்லை என்று எழுதிய கதவு இருக்கிறது. அதைப் பார்க்காதது என் பிழை.' எங்கே இருக்கிறது, யார் சொன்னார்கள் என்று அவர் கேட்டார். சொல்லவில்லை. இனி யார் கேட்டாலும் சொல்ல மாட்டேன்.

மேசையில் என் பக்கத்தைக் காலி செய்துவிட்டேன். புத்தகங்கள் தரையில் கிடக்கின்றன, அவற்றுக்குப் பட்டினி ஒன்றும் இல்லை. ஒரு வாரமாக அங்கே உட்கார்ந்துதான் சாப்பிடுகிறேன். எதிரே உன் நாற்காலி. அதைப் பார்த்தபடி சாப்பிடுவது கஷ்டமாகத்தான் இருக்கிறது. நீ இத்தனை வருஷம் எப்படிச் சாப்பிட்டாய்?

என் முந்நூறு பக்கம் அப்படியே கிடக்கிறது. முன்னுரையிலிருந்து உன் கேள்வியை எடுத்துவிட்டேன். அதைப் படித்து யாரும் சிரிக்க வேண்டாம்.

முப்பதாம் தேதியைப் பற்றி நான் ஒன்றும் சொல்லப்போவதில்லை. உன் கையில் இருக்கிறது. நீ அங்கேயே இருந்தாலும் வாரம் ஒரு அட்டை போடு. மழை இல்லையென்றால் மழை இல்லை என்றே எழுது, எனக்கு அது போதும். நனையாதே. வேளாவேளைக்குச் சாப்பிடு.

ஒன்றே ஒன்று சொல்லி முடிக்கிறேன். காலையில் தையல்காரம்மாவின் மகனும் நானுமாக எழுத்து மேசையை இழுத்துத் திருப்பிப் போட்டோம். இப்போது வெளிச்சம் தப்பான பக்கத்திலிருந்து வருகிறது, எழுத்து மேல் என் கை நிழல் விழுகிறது. பரவாயில்லை. நிமிர்ந்தால் உன் நாற்காலி தெரிகிறது. நீ கூப்பிடவே இல்லை. நான் திரும்பி உட்கார்ந்திருக்கிறேன்.

உன்,
அடுத்த அறையில் இருமுகிறவன்