கிணறு நம் பக்கம் வந்துவிட்டது

என் ஆசை அப்பா,

நம் கிணறு திரும்பி வந்துவிட்டது. முதலில் இதைச் சொல்லிவிடுகிறேன். உங்கள் பேத்தி இப்போதுதான் கண்ணயர்ந்தாள். எழும்புவதற்குள் மற்றதையும் எழுதவேண்டும்.

நீங்கள் கண்மூடியபின் வந்த மாரிகாலத்தில் நான் பிள்ளைப்பேற்றுக்கு வவுனியாவில் மாமி வீட்டில் இருந்தேன். உருத்திரபுரத்தில் அம்மா தனியே. கிணற்றடிப் பக்கத்து வேலி அடைப்பது நம் முறை என்பது உங்களுக்குத் தெரியாததா? பக்கத்து வளவுத் தவராசா மாமா வந்து, "ஆம்பிளை இல்லாத வீடு அக்கா, இந்த முறை நானே அடைச்சு விடுறன்" என்றாராம். அம்மா உருகிப்போய், அவர் வேலிக்குக் கதியால் தடிகளை நட்டு முடியுமட்டும் தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்திருக்கிறா. முடிந்தபின் பார்த்தால் கிணறு அவர் பக்கம்!

"வேலி நேரா நிக்கோணுமெல்லோ அக்கா" என்றாராம்.

கைக்குழந்தையோடு நானும் உங்கள் மருமகனும் வந்து இறங்கினோம். பிள்ளையைக் குளிப்பாட்டவும் அவர் வாசலில் வாளியோடு நிற்கவேண்டும். "தண்ணிதானே பிள்ளை, கேட்டிட்டு அள்ளு. ஆர் மறிச்சது?" என்பார். நீங்கள் வெட்டிய கிணற்றில் நான் கேட்டு அள்ளுவதா, அப்பா?

இவர் கத்தியை எடுத்துவிட்டார். "இண்டைக்கே பிடுங்குவம்!"

"பிடுங்கினால் பொலிசிலை நாங்கள்தான் நிப்பம். பிள்ளையை ஆர் பாக்கிறது?" என்று கையைப் பிடித்து மறித்தேன். என் பயம் உங்களுக்குத் தெரியும்தானே. பாம்பு, காய்ச்சல், பிள்ளையின் தும்மல் என்று எல்லாவற்றுக்கும் பயப்படுகிறவள். ஆனாலும் காணிப் பிணக்குக்கான மத்தியஸ்த சபைக்கு நானே எழுதிக் கொடுத்தேன். அங்கே இணக்கம் வராவிட்டால்தான் நீதிமன்றம் என்றார்கள்.

சபையில் மாமா நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு சொன்னார்: "நாங்கள் எப்பவோ தொட்டு ஆண்ட இடம். பத்து வருசம் ஆண்டால் சொந்தம். சட்டம் எனக்கும் தெரியும்."

தலைமை வகித்தவர் ஓய்வுபெற்ற ரீச்சர் ஒருவர். அவா கண்ணாடியைக் கழற்றினா. "அது உறுதி எழுதின சொந்தக் காணிக்குத் தம்பி. இது அரசாங்கம் அனுமதிப்பத்திரத்திலை குடுத்த காணி. இதிலை நூறு வருசம் குந்தியிருந்தாலும் அந்த உரிமை வராது. அளந்து பாப்பமே?"

அளக்கட்டும் என்று மாமா துணிந்து சொன்னார். எல்லைக்கற்கள் சண்டைக் காலத்திலேயே காணாமல் போனவை அல்லவா? ஆனால் வாய்க்கால் எங்கே போகும்? நில அளவையாளர் பழைய படத்தை வைத்து, வாய்க்கால் கரையிலிருந்து அளந்துகொண்டு வந்தார். முளைக்குச்சிகள் ஒவ்வொன்றாக மாமாவின் புது வாழைகளுக்கு நடுவே இறங்கின. கடைசி முளை அடிக்க வாழைச் சருகை விலக்கியபோது, அப்பா, நீங்கள் நட்ட பூவரசு!

மாமா உங்கள் பழைய வேலியின் பூவரசங் கதியால்களை நிலத்தோடு வெட்டியிருந்தார், கட்டையைக் கிண்டவில்லை. மாரித் தண்ணீர் குடித்து அவை துளிர்த்துவிட்டன. அளவையாளரின் முளைகளும் உங்கள் பூவரசும் ஒரே கோட்டில்.

"அது தானா முளைச்சது" என்றார் மாமா.

"இப்பிடி வரிசையிலை நிண்டோ?" என்றா ரீச்சர்.

முதலில் சிரித்தது மாமாவின் மனைவிதான், வாயைப் பொத்திக்கொண்டு. பிறகு எல்லோரும். நீங்கள் நின்றிருந்தால் சிரித்திருப்பீர்களா, ஏசியிருப்பீர்களா?

இணக்கம் எழுதி இருவரும் கையெழுத்து வைத்தோம். இனி அதை மீறினால் நீதிமன்றம் என்பது மாமாவுக்கும் தெரியும். நட்ட கையாலேயே வேலியைப் பிடுங்கினார். அம்மாவிடம் கேட்டேன், "தேத்தண்ணி குடுக்கேல்லையோ?" "சுடுதண்ணியும் இல்லை!" என்றா.

இன்று பிள்ளையைக் கிணற்றடியிலேயே குளிப்பாட்டினேன். ஊர் கேட்கக் கத்தினாள். கத்தட்டும் என்று விட்டேன்.

வருகிற மாரியில் அந்த வேலியை நானே அடைப்பேன், உங்கள் பூவரசுகளின் வரிசையிலேயே. அதில் வந்து போக ஒரு படலையும் வைப்பேன். தவராசா மாமி வந்து கேட்காமலே அள்ளட்டும். நம் கிணற்றில் யாரும் கேட்டு அள்ளக்கூடாது, அப்பா. அது என் வாக்கு.

இனி வாளியோடு எந்த வாசலிலும் நிற்காத,
உங்கள் மகள்