சைரனும் சாப்பாட்டுத் தட்டும்

அன்புள்ள அம்மாவுக்கு,

கொழும்பிலிருந்து மகள் ஜீவராணி வணக்கத்துடன் எழுதுவது. முழங்கால் வலி குறைந்ததா? நான் அனுப்பிய தைலத்தைத் தோட்டத்து லயத்தில் வரிசை வீடுகளுக்கெல்லாம் பங்கு வைக்காமல் நீங்களே பூசுங்கள். நான் சுகம்.

நேற்று வேலையில் ஒரு சின்ன வாக்குவாதம். பயப்படாதீர்கள். மண்சரிவை அறிவியல் எப்படி முன்கூட்டியே சொல்கிறது என்று நான் எடுத்த ஆவணப்படத்தை எங்கள் டீவி மேலாளர் பார்த்தார். மழைமானியில் தண்ணீர் சிவப்புக் கோட்டைத் தாண்டியதும் நீங்கள் சாப்பாட்டுத் தட்டை அடித்துக்கொண்டு லயம் லயமாக ஓடினீர்களே, பக்கத்து வீட்டு றோசலின் அக்கா போனில் படம்பிடித்தது, அந்த இடத்தில் படத்தை நிறுத்தினார்.

"தட்டுச் சத்தத்த எடுத்துட்டு சைரன் சத்தத்தப் போடுங்க. இது சயன்ஸ் படம்."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"சேர், அன்னைக்குச் சைரன் ஊதவே இல்ல. பேட்டரி செத்துக் கெடந்துச்சு. மழைமானியப் பாத்து எல்லாரையும் வெளிய கொண்டு வந்தது எங்கம்மா. அதுதான் சயன்ஸ்!" என்று கத்திவிட்டேன்.

சைரன் ஊதும் என்று நம்பி அடுத்த மழையில் சனம் உள்ளேயே இருந்தால், மண்ணைத் தோண்ட இவரா வருவார்?

திங்கட்கிழமை மறுபடி வரச் சொல்லியிருக்கிறார். அதற்குள் அந்த நசுங்கிய தட்டைக் கொழும்பு பஸ் கொண்டக்டரிடம் கொடுத்துவிடுங்கள். மேலாளரின் மேசையில் வைத்து அடித்துக் காட்டுகிறேன். கொஞ்சம் தேங்காய்ச் சம்பலும் வையுங்கள்.

தட்டைத் திருப்பிக் கேட்காதீர்கள் அம்மா. சின்ன வயதில் அதைத் தட்டித்தானே என்னைச் சாப்பிடக் கூப்பிடுவீர்கள். இங்கே கூப்பிட யாருமில்லை.

அவசரத்தில்,
ஜீவராணி