தெர்மல் அனலைசர் என்று நீங்கள் ஒட்டிய பெயர்

அப்பா,

ஒத்தக்கடை தாண்டியிருக்கிற காலேஜில் எனக்குத் துடைக்கிற வேலை கிடைத்திருக்கிறது. சேர்ந்த புதிதில் ஒருநாள் கெமிஸ்ட்ரி லேபில் ஈரத்துணியோடு மேசை மேசையாகத் துடைத்துக்கொண்டு வந்தவள், மூலையில் இருந்த பெரிய வெள்ளைப் பெட்டியின் முன்னால் நின்றுவிட்டேன். அதன் முகப்பில் ஆங்கிலத்தில் இரண்டு சொற்கள். ஒன்பதாவதோடு நின்ற எனக்கு ஆங்கிலம் எழுத்துக்கூட்டித்தான் வரும். இந்த இரண்டை மட்டும் எழுத்துக்கூட்ட வேண்டியிருக்கவில்லை. தெர்மல் அனலைசர். நீங்கள் போய் இன்னும் வருடம் திரும்பவில்லை. அதற்குள் உங்கள் பொய் மட்டும் வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு என் முன்னால் வந்து உட்கார்ந்திருக்கிறது என்று நினைத்தேன்.

போனவர்களுக்கு எல்லோரும் அன்பாகத்தான் எழுதுவார்கள். எனக்கு உங்களிடம் அப்படிப் பேச எதுவும் இல்லை.

காலேஜ் காலேஜாக லேப் சாமான் இறக்குகிற வேனை ஓட்டிக்கொண்டிருந்தீர்கள். கொரோனாவில் அந்த வேலை போனது. கொரோனா முடிந்ததும், ஜவுளிக்கடை வாசலில் நெற்றிக்கு நேரே பிடித்து உள்ளே அனுப்புவார்களே, அந்தத் துப்பாக்கி மாதிரி கருவி ஒன்றைப் பழைய இரும்புக் கடையிலிருந்து வாங்கி வந்தீர்கள். அதன்மேல் அந்தப் பெயரை ஸ்டிக்கராக ஒட்டி வந்த அன்று உங்களுக்கு இருந்த சந்தோஷத்தை நான் மறக்கவில்லை. “ஒரு காலேஜ்ல எறக்குன பெட்டியில போட்டிருந்துச்சு. ரெண்டு வார்த்த. ஒருத்தனுக்கும் புரியாது. அதான் அதோட பவரு” என்றீர்கள். அர்த்தம் என்ன என்று அம்மா கேட்டதற்கு, “ஒடம்புச் சூட்ட வச்சு நோயக் கண்டுபிடிக்கிறது” என்று சொல்லிவிட்டுச் சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பிவிட்டீர்கள்.

நம் ஊரில் எது வந்தாலும் சூடுதான். கண் எரிந்தால் சூடு, வயிறு வலித்தால் சூடு, முடி கொட்டினால் சூடு. அது உங்களுக்கு நன்றாகத் தெரியும். வாடிப்பட்டி, சோழவந்தான் பக்கம் வண்டியில் போய் ஒரு வேப்பமரத்தடியில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு உட்காருவீர்கள். உச்சந்தலையில் ஒருமுறை, வயிற்றில் ஒருமுறை, உள்ளங்காலில் ஒருமுறை. பச்சை எரிந்தால் ஒன்றுமில்லை. சிவப்பு எரிந்து கத்தினால் உள்சூடு, அதற்கு உங்கள் குளிர்ச்சிப் பொடியை விற்பீர்கள். “சூடு பொய் சொல்லாதுத்தா” என்பீர்கள். மெஷின் அண்ணே என்று உங்களுக்குப் பெயரே வந்துவிட்டது.

வாடிப்பட்டியில் ஒரு பெண் உங்களை மறித்தாள். “அண்ணே, ஆம்பளக் கையில இத வச்சுக்கிட்டு வயித்துக்குக் கிட்ட கொண்டாராதீக. வீட்ல பொம்பளப் புள்ள இருந்தா கூட்டிட்டு வாங்க.” அவள் சொன்னதை வீட்டில் வந்து சிரித்துக்கொண்டே சொன்னீர்கள். சொல்லிக்கொண்டே என் ஸ்கூல் பையைப் பரணில் ஏற்றினீர்கள்.

“படிக்கிற புள்ளங்க” என்றாள் அம்மா.

“இவ எங்க படிக்கிறா? கிளாஸ்ல வாயே தொறக்க மாட்டேங்குறான்னு டீச்சரே சொல்லுது. அந்தத் தொறக்காத வாய்தான் எனக்கு வேணும். பேசாத புள்ள கையில இருக்குற மெஷின எவளும் சந்தேகப்பட மாட்டா.”

நான் ஏன் பேசுவதில்லை என்று நீங்கள் ஒருநாளும் கேட்டதில்லை. ஆட்கள் என்னைப் பார்த்தாலே எனக்குத் தொண்டை அடைத்துவிடும். அதை ஒரு குறையாகக்கூட நீங்கள் பார்க்கவில்லை. தொழிலுக்கு ஆகிற சாமானாகப் பார்த்தீர்கள்.

என்னைத் தேடிக்கொண்டு கணக்கு டீச்சர் வந்தாரே, நினைவிருக்கிறதா? கே.கே. நகரிலிருந்து ஸ்கூட்டரில் வந்திருந்தார். நான் கதவுக்குப் பின்னால் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன். என்னைத் திரும்பக் கூட்டிக்கொண்டு போய்விடுவார் என்று நம்பினேன். அவரை உட்காரச் சொல்லி, மோர் கொடுக்கச் சொல்லி, “டீச்சர், கண்ணு எரியுதா?” என்று கேட்டீர்கள்.

“எரியுதுங்க. பேப்பர் திருத்தித் திருத்தி...”

“பேப்பர் இல்ல டீச்சர், சூடு. ஏ புள்ள, டீச்சருக்குப் பாரு.”

நான் பார்த்தேன். சிவப்பு எரிந்தது. டீச்சர் பயந்துபோய்ப் பொடி வாங்கினார். எப்படிக் கலக்கிக் குடிக்க வேண்டும் என்று கேட்டுக்கொண்டே வாசல்வரை போனவர், என்னைப் பார்த்து “நல்லா இரும்மா” என்றார். எதற்கு வந்தோம் என்பதே அவருக்கு மறந்துபோயிருந்தது. அவர் போனதும் நீங்கள் தொடையில் தட்டிச் சிரித்தீர்கள். அந்தச் சிரிப்புக்காக மட்டும் உங்களை எத்தனை வருடம் வேண்டுமானாலும் வெறுக்கலாம்.

லேபில் கோமதி என்று ஓர் அக்கா இருக்கிறார். மெஷின்களைப் பார்த்துக்கொள்வது அவர்தான். அந்த வெள்ளைப் பெட்டியைப் பற்றி அவரிடம் கேட்க எனக்குப் பல நாள் பிடித்தது.

“அக்கா, இது எந்த நோய்க்குக்கா?”

“நோய்க்கா? யாருக்குடி நோய்?”

“தெர்மல் அனலைசர்னு போட்டிருக்கே.”

அவர் சிரித்துவிட்டார். பிறகு என் முகத்தைப் பார்த்துச் சிரிப்பை நிறுத்திவிட்டு, பொறுமையாகச் சொன்னார். தெர்மல் என்றால் வெப்பம் சம்பந்தப்பட்டது. அனலைஸ் என்றால் ஒன்றைப் பிரித்து ஆராய்வது. உள்ளே ஒரு குட்டித் தராசு இருக்கிறது. அதில் பொட்டளவு தட்டு. சிமெண்ட், பிளாஸ்டிக், மருந்துத்தூள் என்று எதையாவது ஒரு சிட்டிகை அதில் வைத்து, கொஞ்சம் கொஞ்சமாகச் சூடேற்றுவார்கள். முதலில் ஈரம் போகும். பிறகு ஒவ்வொன்றாக எரிந்து போகும். எந்தச் சூட்டில் எவ்வளவு எடை குறைந்தது என்று கம்ப்யூட்டரில் கோடு இறங்கும். அந்தக் கோட்டைப் பார்த்தால் உள்ளே என்ன இருந்தது என்று தெரியும்.

“மனுசங்கள இதுல பாக்க முடியாதாக்கா?”

“மனுசன உள்ள வச்சா சாம்பல்தான்டி மிஞ்சும்.”

உங்களைத் தத்தனேரிச் சுடுகாட்டுக்குக் கொண்டுபோனது ஞாபகம் வந்தது. நானும் சிரித்தேன். அந்த அக்கா முன்னால் நான் முதல்முதலாகச் சிரித்தது அதற்குத்தான், அப்பா.

மறுநாள் உங்கள் பொடியில் ஒரு பொட்டலம் கொண்டுபோனேன். “எச்.ஓ.டி. பாத்தா என்னயத் தொலைச்சுருவாரு” என்று முனகிக்கொண்டே அக்கா ஒரு சிட்டிகையைத் தட்டில் வைத்து மூடினார். நான் தரையைத் துடைத்துக்கொண்டே கோடு இறங்குவதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கருகிய சீனி வாடை லேசாக வந்தது. எல்லாம் ஆறிய பிறகு அக்கா தட்டை வெளியே எடுத்துக் காட்டினார்.

“சீனி எரியிற மாதிரிதான் எரிஞ்சிருக்கு. மூலிகைன்னா கடைசியில சாம்பல் நிக்கணும். இதுல ஒண்ணுமே நிக்கல பாரு. எங்கடி வாங்குன இத?”

“வீட்ல இருந்துச்சுக்கா.”

தட்டு கழுவி வைத்த மாதிரி இருந்தது. நீங்கள் வாயில் வைத்துக்கொண்டு திரிந்த அந்தப் பெயரின் உண்மையான வேலையை அன்றுதான் கண்ணால் பார்த்தேன். அது செய்த முதல் நல்ல காரியம் உங்களைப் பிரித்துப் பார்த்தது.

ஆனாலும் எல்லாம் பொய் என்று அதற்கு முன்பே எனக்குத் தெரியும். உங்களுக்கு நெஞ்சு வலி வந்த அன்றைக்கே சந்தேகமில்லாமல் தெரிந்துவிட்டது. வேர்த்து ஊற்றிக்கொண்டு நாற்காலியில் சாய்ந்திருந்தீர்கள். அம்மாதான் அலமாரியிலிருந்து மெஷினை எடுத்துக்கொண்டு ஓடி வந்தாள். “இத வச்சுப் பாக்கட்டுமாங்க?” என்று கேட்டாள். அவள் உங்களை அவ்வளவு நம்பினாள். “அந்த எழவத் தூக்கி அங்கிட்டுப் போடு. ஆட்டோவக் கூப்புடு. பெரியாஸ்பத்திரி...” என்றீர்கள். அதற்குமேல் உங்கள் வாயிலிருந்து வார்த்தை வரவில்லை. ஊருக்கெல்லாம் மெஷின், உங்களுக்கு மட்டும் ஆஸ்பத்திரி. அந்த ஒரு வாக்கியத்தில் நீங்களே எல்லாவற்றையும் சொல்லிவிட்டுப் போனீர்கள். அம்மாவின் காதில் மட்டும் அது ஏறவேயில்லை.

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, வாடிப்பட்டியில் பூக் கட்டுகிற சுமதியக்கா மகளைத் தோளில் போட்டுக்கொண்டு வந்தாள். சின்னப் பிள்ளை, இன்னும் பள்ளிக்கூடம் போகவில்லை. சுமதியக்கா உங்கள் படத்தைப் பார்த்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

“அண்ணே போனா என்ன, மெஷின் இருக்குல்ல, நீ இருக்கேல்ல. மூணு நாளா அனலாக் கொதிச்சுச்சு பாப்பா. இன்னைக்குத்தான் விட்டிருக்கு. ஒரு தடவ பாத்துச் சொல்லிரு, பொடி வாங்கிட்டு நாலு மணி பஸ்ஸுக்குப் போறேன்.”

அம்மா என் கையில் மெஷினைத் திணித்தாள். நெற்றியில் காட்டினேன். பச்சை. “அப்பாடா!” என்றாள் சுமதியக்கா.

எனக்கு மருத்துவம் தெரியாது. ஆனால் உங்களோடு திரிந்ததில் எத்தனையோ பிள்ளைகளின் முகத்துக்கு நேரே அதைப் பிடித்திருக்கிறேன். ஒன்று அழும், இல்லையென்றால் கையால் தட்டிவிடும். இந்தப் பிள்ளை இரண்டும் செய்யவில்லை. எங்கேயோ பார்த்துக்கொண்டு துவண்டு கிடந்தது. உள்ளங்காலைத் தொட்டேன். ஐஸ் மாதிரி இருந்தது. வயிற்றில் கை பட்டதும் முனகியது.

“அக்கா, ஆஸ்பத்திரிக்குத் தூக்கிட்டுப் போங்க” என்றேன். என் குரல் எனக்கே கேட்கவில்லை.

“என்னது?”

“இது காச்சல் பாக்குறது மட்டுந்தான்க்கா. வேற ஒண்ணும் தெரியாது இதுக்கு. அப்பா சொன்னதெல்லாம் பொய். பொடி வெறும் சீனி.”

சுமதியக்காவின் முகம் மாறிவிட்டது. “ஏன்டி, பெத்த அப்பன் செத்து ஒரு வருசம் திரும்பல, அதுக்குள்ள இம்புட்டுப் பேச்சா? அம்புட்டுச் சனத்துக்கும் பாத்துவிட்ட மனுசன்டி அது!”

“அவ அப்பா போனதுல இருந்து இப்புடித்தான் எதையாச்சும் பேசுறா. மனசுல வச்சுக்காத சுமதி. இரு, பொடி நான் எடுத்தாரேன்” என்று அம்மா உள்ளே போனாள்.

பேசாதவரை என்னை நம்பினார்கள். பேசியதும் பைத்தியம் என்றார்கள். அதையும் நீங்கள்தான் கணக்குப் போட்டு வைத்திருந்தீர்கள் போல.

அந்த மெஷினின் பக்கவாட்டில் ஒரு பொத்தான் உண்டு. எவ்வளவு சூட்டுக்கு மேல் போனால் சிவப்பு எரிய வேண்டும் என்று அதில் வைக்கலாம். இறக்கி வைத்தால் நல்ல உடம்புக்கும் சிவப்புதான். ஆளைப் பார்த்து நீங்கள் கண் காட்டுவீர்கள், நான் அமுக்குவேன். அன்றைக்குக் கண் காட்ட ஆளில்லை. நானே அமுக்கினேன். பிள்ளையின் வயிற்றுக்கு நேரே பிடித்தேன். சிவப்பு எரிந்து கத்தியது.

சுமதியக்கா பிள்ளையை இறுக்கிக்கொண்டாள். கழுத்தை ஒரு பக்கம் சாய்த்து, கொஞ்ச நேரம் ஒன்றும் சொல்லாமல் அவள் கண்ணையே பார்த்தேன். நீங்கள் செய்வீர்களே, அப்படி. பிறகு உங்கள் இழுவையிலேயே சொன்னேன்.

“இது பொடிக்கு அடங்குற சூடு இல்லக்கா. உள்ள எறங்கிருச்சு. பெரியாஸ்பத்திரி மெஷின்லதான் தெரியும். இப்பவே போகணும். வீட்டுக்குப் போய்ட்டுப் போறேன்னு சொன்னீகன்னா என்னயக் கேக்காதீக.”

“அய்யய்யோ! மொதல்லயே இதச் சொல்லித் தொலைக்கிறதுக்கு என்னடி!”

ஆட்டோவில் நானும் ஏறிக்கொண்டேன். ஆஸ்பத்திரியில் ஒரு டாக்டரம்மா பிள்ளையின் காலைத் தொட்டார், வயிற்றை அமுக்கினார், உடனே நர்ஸைக் கூப்பிட்டு டிரிப் ஏற்றச் சொன்னார். டெங்கு. “காச்சல் விட்டுருச்சு, இனி பயமில்லன்னு நெனச்சீங்களா? விடுற நேரந்தாம்மா ஆபத்து” என்று சுமதியக்காவைத் திட்டினார். நான் சுவரோரம் நின்று அந்தத் திட்டைக் கேட்டுக்கொண்டிருந்தேன். அது உங்களுக்கு வர வேண்டிய திட்டு.

பிள்ளை பிழைத்துக்கொண்டது. தேறியதும் சுமதியக்கா அவளே கட்டிய மாலையோடு வந்தாள். உங்கள் படத்துக்குப் போட்டாள். கற்பூரம் ஏற்றினாள். “தெய்வம்ணே நீங்க. உங்க மெஷின் இல்லாட்டி எம்புள்ள இல்ல” என்று கும்பிட்டாள். அம்மா பெருமையில் அழுதாள். பிள்ளை உங்கள் மாலையிலிருந்து பூவைப் பிய்த்துக்கொண்டிருந்தது. செத்த பிறகும் அடுத்தவருக்கு வர வேண்டிய கும்பிடை வாங்கிக்கொள்கிறீர்களே என்று எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. தொண்டை அடைக்கவில்லை.

“சுமதிக்கா, மெஷின் பச்சதான் காட்டுச்சு. செவப்பு நானா வச்சது. புள்ள அழாமக் கெடந்துச்சு, காலு சில்லுனு இருந்துச்சு, அதான் பயந்துட்டேன். சொன்னது மெஷின் இல்ல. எங்கப்பாவும் இல்ல. நான்.”

சுமதியக்கா என்னையும் உங்கள் படத்தையும் மாறி மாறிப் பார்த்தாள். மாலையைக் கழற்றிக்கொண்டு போவாள் என்று எதிர்பார்த்தேன். போகவில்லை. பிள்ளையைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு, செருப்பை மாட்டும்போது மட்டும், “மறுபடி ஏதும்னா உன்னயத்தான் கேப்பேன்” என்றாள். அம்மா அன்றிலிருந்து என்னோடு சரியாகப் பேசுவதில்லை. மெஷினை நான் என்ன செய்தேன் என்று அவளிடம் சொல்லவில்லை. உங்களிடமும் சொல்லப்போவதில்லை.

இன்னும் ஆட்கள் வருகிறார்கள். மேலூர் ரோட்டில் பஸ்ஸை விட்டு இறங்கி, மெஷின் அண்ணே வீடு எது என்று விசாரித்துக்கொண்டு வருகிறார்கள். முன்பென்றால் கதவுக்குப் பின்னால் போய் நின்றிருப்பேன். இப்போது வாசலுக்குப் போகிறேன். கழுத்தைச் சாய்த்து, கொஞ்ச நேரம் சும்மா இருந்து, கண்ணைப் பார்த்துச் சொல்கிறேன். “அது பொய்யி. அதுல ஒண்ணும் தெரியாது. என்ன செய்யுதுன்னு சொல்லுங்க, எந்த ஆஸ்பத்திரிக்குப் போகணும்னு கேட்டுச் சொல்றேன்.” சிலர் திட்டிவிட்டுப் போகிறார்கள். சிலர் நின்று சொல்கிறார்கள். உங்கள் குரலில்தான் பேசுகிறேன், அப்பா. உங்களைப் பொய்யாக்குவதற்கு அதைவிட நல்ல குரல் எனக்கு வேறு கிடைக்கவில்லை.