ஜெபின் கையில் நிலைச்சுழி

நவ. 9, ஞாயிறு

காலையிலிருந்து புகை. ஜனக்புரி மெட்ரோ பாலம்கூடத் தெரியவில்லை. தொண்டை எரிச்சல்.

நண்பன் ஜெபினின் அம்மாவையும் மாமாவையும் ஏர்போர்ட்டிலிருந்து நேராக ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனேன். மார்த்தாண்டத்துக்குப் பக்கத்து ஊர்க்காரர்கள். அம்மாவுக்கு டெல்லி இதுதான் முதல் தடவை. மெல்லிய நூல் சேலை, ஸ்வெட்டர் கிடையாது. "வாங்கம்மா, சுத்திக் காட்டுறேன்" என்று மகன் கூப்பிட்ட போதெல்லாம் வராதவர். பைக்கில் போனவனை லாரி இடித்த பிறகு வந்திருக்கிறார்.

ஐ.சி.யூ. வாசலில் செக்யூரிட்டி: "ஏக் ஆத்மி, பஸ்." ஒரு ஆள்தானாம். அம்மா மட்டும் போனார்.

வெளியே வந்து முதலில் கேட்டது தலைக்காயத்தைப் பற்றி இல்லை. "எனக்க பிள்ளைக்க கையில அது என்னது மக்களே?"

மணிக்கட்டில் பச்சை குத்தியது. ஒரு வட்டம், நடுவில் விளிம்பைத் தொடாத ஒரு கோடு.

மாமா முந்திக்கொண்டார். "பிசாசுக்க அடையாளமாக்கும். டெல்லிக்கு விடாதேன்னு நான் அப்பவே சொன்னேன்."

எரிச்சலாக வந்தது. அது நிலைச்சுழி. நான் உண்டாக்கியது. ஞாயிறுதோறும் என் ரூமில் நாங்கள் நாலு பேர் பகடை உருட்டி, வாயாலேயே நடத்தும் கதை விளையாட்டு. உலகமும் விதிகளும் என்னுடையவை, மற்ற மூவரும் அதில் ஆட்கள். நிலைச்சுழியை வரைந்தால் காலம் நிற்கும். ஜெபினுக்கு ரொம்பப் பிடித்துப்போய், கையிலேயே குத்திக்கொண்டு வந்து நின்றான். லூசு.

அம்மாவிடம் அவசரமாகச் சொன்னேன்: "பிசாசெல்லாம் இல்லைம்மா, விளையாட்டு. அது இருந்தா நேரம் நின்னுடும், அவ்வளவுதான்."

வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம்.

நவ. 10, திங்கள்

லீவு மெயில் போட்டேன். மேனேஜர் பதில்: "டேக் கேர்." கூடவே ஒரு எக்ஸெல் ஃபைல். மனுஷனா அவன்.

டாக்டர் ஹிந்தியும் இங்கிலீஷுமாகச் சொன்னதை நான் தமிழில் சொல்ல வேண்டும். மூளை முழுக்க நின்றுவிட்டது. திரும்ப வராது. மூச்சு விடுவது மெஷின்தான். அம்மா சம்மதித்துக் கையெழுத்து போட்டால் மெஷினை எடுத்துவிடலாம். எப்படியோ சொன்னேன்.

அம்மா பதறவில்லை. "நேரம் நின்னிருக்குன்னு நீதானே மக்களே சொன்ன?"

தன் மணிக்கட்டைத் தொட்டுக் காட்டினார்.

"அவன் கையில எழுதி வச்சிருக்கான். கர்த்தர் சும்மா எழுத விடுவாரா? வேதத்துல சூரியனையே நிறுத்தி வச்சவரு. அவனுக்கு நேரம் நிக்குது. பெறவு ஓடும்."

நேற்று பிசாசு என்ற மாமா இன்று, "அப்படியும் இருக்கலாம்."

உண்மையில் விதி தலைகீழ். சுழி வரைந்தவன் மட்டும் நடமாடுவான், மற்ற எல்லோரும் உறைந்து நிற்பார்கள். இதை இப்போது யாரிடம் போய் விளக்க?

நவ. 11, செவ்வாய்

வாங்க: அம்மாவுக்கு ஸ்வெட்டர், சாக்ஸ். மாமாவுக்கு இருமல் மருந்து. ஃபோன் சார்ஜர்.

ஜெபினின் விரல்கள் வீங்கிவிட்டன. முகம் அவன் முகமாக இல்லை. நர்ஸ் தூத்துக்குடிக்காரர். தனியாகக் கூப்பிட்டுச் சொன்னார்: "ஒடம்பு தாங்கலை. தினமும் ஒவ்வொண்ணா விட்டுட்டே வருது. நீங்க சொன்னா அம்மா கேப்பாங்க." என்னத்தைக் கேட்பார்கள்? நான் சொன்னதைக் கேட்டதால்தானே இவ்வளவும்.

மதியம் பார்த்தேன். அம்மா தன் மணிக்கட்டிலும் பால்பாயின்ட்டால் சுழி போட்டிருக்கிறார். கோடு விளிம்பைத் தொடாமல், சரியாக.

விளையாட்டு நண்பர்களுக்குப் போன். கார்த்திக் சொன்னான்: "விதி எழுதுறவன் நீதானே? புதுசா ஒண்ணு எழுது. பெத்தவ கையால சுழியை அழிச்சாதான் அவனுக்கு விடுதலைன்னு சொல்லு. நம்புவாங்க."

நம்புவார்கள்தான். பாத்ரூம் கண்ணாடி முன் சொல்லிப் பார்த்தேன். பாலிசி விற்கிறவன் மாதிரி இருந்தது.

நவ. 12, புதன்

வெயில் இல்லை. கேன்டீன். டீ என்ற பெயரில் சர்க்கரைப் பாகு. அம்மாவுக்கு ஸ்வெட்டர் பெரிதாகிவிட்டது, கை விரல் வரை மூடுகிறது.

"அம்மா, அந்தச் சுழிக்கு இன்னொரு விதி இருக்கு" என்று ஆரம்பித்தேன். டம்ளரைக் கீழே வைத்துவிட்டு, பைபிள் வாசிப்பதைக் கேட்பதுபோல் உட்கார்ந்துகொண்டார். என்னால் முடியவில்லை.

"எல்லா விதியும் நான் எழுதினதும்மா. கர்த்தர் இல்லை. ஒரு ஞாயித்துக்கிழமை பரோட்டா தின்னுக்கிட்டே எழுதினது. அதுக்கு ஒரு சக்தியும் கிடையாது. மன்னிச்சிருங்க."

அழுதுவிட்டேன். பக்கத்து மேசை சர்தார்ஜி டிஷ்யூ நீட்டினார்.

அம்மா டம்ளரை மறுபடி கையில் எடுத்தார். பிறகு: "அவன் அதை வச்சு என்ன செய்தான்? விளையாட்டுல."

சொன்னேன். ஒரு பாலம் உடைகிறது. ஓடக்காரக் கிழவன் ஒருவன் விழுகிறான். கதைக்கு முக்கியமே இல்லாத ஆள், சாவதற்கென்றே நான் வைத்தவன். ஜெபின் டக்கென்று சுழி போட்டான். கிழவன் அந்தரத்தில். காலம் நின்றால் மற்றவர்கள் ஆட முடியாது. வாராவாரம் வந்து சும்மா உட்கார்ந்திருந்தோம். ஜெபின் மட்டும் பாலத்துக்கடியில் கயிறு தேடினான், வலை தேடினான், வைக்கோல் தேடினான். நான் எதையும் வைத்திருக்கவில்லை. மற்றவர்கள் கத்தினார்கள். அவன் விடவே இல்லை.

"பெறவு?"

"ஒரு நாள் அவனே சொன்னான்மா. 'நான் கிழவனைக் காப்பாத்தலைடா, தொங்கவிட்டிருக்கேன். பாவம், விட்டுர்றேன்'னு. விட்டுட்டான்."

"அழுதானா?"

"இல்லை. பாத்ரூம் போனான். வர லேட்டாச்சு."

"அப்ப அழுதிருக்கான்" என்றார். "சின்னதிலயும் அப்படியாக்கும். ஆளு காணாம போயி அழுவான்."

ஆறிப்போன டீயை ஒரே மடக்கில் குடித்தார். ஸ்வெட்டர் கையை முழங்கை வரை மடித்துவிட்டுக்கொண்டு எழுந்தார்.

"எங்க கையெழுத்து போடணும் மக்களே? வந்து காட்டு."